பனியன் கம்பெனிக்குக் கடை ரேட்டில் கரண்ட் பில்: டாரிஃப் மாற்ற நோட்டீஸ் வந்தால் என்ன செய்வது?

கேள்வியைச் சுருக்கித் தருகிறேன். திருப்பூர்ப் பக்கம் ஒரு சிறு பனியன் கம்பெனி. ஆரம்பத்திலிருந்தே எல்.டி. 3-பி, அதாவது தாழ்வழுத்த (எல்.டி.) இணைப்பில் தொழிற்சாலைக்கான டாரிஃப், கட்டண வகை. சில ஆண்டுகளாகத் தையலை வெளியே ஜாப் ஒர்க்குக்குக் கொடுத்துவிட்டு, செக்கிங், அயர்னிங், பேக்கிங் மட்டும் உள்ளே நடக்கிறது. 2024 ஜூனில் முன்னறையில் சில்லறை விற்பனைக்கு ஒரு ஷோரூம் திறந்திருக்கிறார்கள். இப்போது மின்வாரிய ஆடிட்டில் "இது எல்.டி. 5, வணிகம்" என்று குறித்துவிட்டார்கள். 2022 அக்டோபர் முதல் 2025 செப்டம்பர் வரை மூன்று ஆண்டு வித்தியாசம் 6,48,000 ரூபாய் ஷார்ட்ஃபால் (குறைவாக வசூலித்த தொகை), 15 நாளில் கட்டாவிட்டால் இணைப்பு துண்டிக்கப்படும் என்று கடிதம் வந்திருக்கிறது. நுகர்வோர் நீதிமன்றம் போகலாமா, ஹைகோர்ட்டுக்கா, இல்லை பேசாமல் கட்டிவிடுவதா என்று கேட்டிருக்கிறீர்கள்.

முதலில் பதில்: பேசாமல் கட்ட வேண்டாம். நுகர்வோர் நீதிமன்றத்துக்கும் போக வேண்டாம். ஹைகோர்ட் இப்போதைக்கு வேண்டாம். கையில் இருக்கும் கடிதத்தை எடுத்து, அது மின்சாரச் சட்டம் 2003-இன் எந்தப் பிரிவின் கீழ் அனுப்பப்பட்டிருக்கிறது என்று பாருங்கள். நீங்கள் எவ்வளவு கட்ட வேண்டும், எங்கே முறையிட வேண்டும், எத்தனை நாளுக்குள் முறையிட வேண்டும் என்ற மூன்றையும் அந்தப் பிரிவுதான் முடிவு செய்கிறது. இந்த வகை வழக்குகளில் நியாயம் தங்கள் பக்கம் இருந்தும் தோற்றுப்போகிற சிறு தொழில்காரர்கள் அநேகம் பேர். "நாங்கள் கடை இல்லை, கம்பெனி" என்பதையே எல்லா இடத்திலும் சொல்லிக்கொண்டிருப்பார்கள். எதிரில் இருப்பவர் எந்தப் பிரிவில் நிற்கிறார் என்பதைக் கவனிக்க மாட்டார்கள்.

பிரிவு மாறினால் பணம் எப்படி மாறுகிறது என்று உங்கள் கணக்கிலேயே பாருங்கள். உங்களுக்கு மாதம் 9,000 யூனிட் ஓடுகிறது. தமிழ்நாடு மின்சார ஒழுங்குமுறை ஆணையத்தின் 2022 செப்டம்பர் கட்டண ஆணையில் எல்.டி. 3-பிக்கு யூனிட் 7 ரூபாய் 50 காசு. எல்.டி. 5-இல், இரு மாதத்துக்கு 100 யூனிட்டைத் தாண்டியவர்களுக்கு 9 ரூபாய் 50 காசு. அதன்பின் விகிதங்கள் கொஞ்சம் கொஞ்சமாக ஏறியிருக்கின்றன. எளிமைக்காக அந்த 2 ரூபாய் வித்தியாசத்தையே வைத்துக்கொள்வோம். மாதம் 18,000, மூன்று ஆண்டுக்கு 6,48,000. உங்கள் கடிதத்தில் உள்ள தொகை இப்படித்தான் வந்திருக்கிறது.

இதே விஷயம் 126-ஆம் பிரிவின் கீழ் வந்தால் கணக்கே வேறு. அங்கே வெறும் வித்தியாசம் இல்லை, உரிய கட்டணத்தைப் போல் இரண்டு மடங்கு. காலம் தெரியாவிட்டால் ஆய்வு நாளுக்கு முந்தைய 12 மாதம். 1,08,000 யூனிட்டுக்கு 19 ரூபாய் வீதம் 20,52,000. நீங்கள் ஏற்கெனவே கட்டிய 8,10,000-ஐக் கழித்தால் 12,42,000. ஒரே ஓர் ஆண்டுக்கு இவ்வளவு. அதே ஓர் ஆண்டுக்கு வெறும் வித்தியாசம் என்றால் 2,16,000தான். ஆகவே, "எந்தப் பிரிவு?" என்ற கேள்வி வக்கீல்களுக்கு மட்டும் உரியது என்று விட்டுவிடாதீர்கள்.

126-ஆம் பிரிவு அங்கீகாரமற்ற பயன்பாட்டைப் பற்றியது. அது திருட்டு இல்லை. திருட்டுக்கு 135-ஆம் பிரிவு, அதற்கு நேர்மையற்ற நோக்கம் வேண்டும். 126-க்கு அந்த நோக்கம் தேவையில்லை என்று ஒடிசாவின் சீதாராம் ரைஸ் மில் வழக்கில் 2011-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. எனவே "நான் தெரியாமல் செய்தேன்" என்பது 126-க்குப் பதிலாகாது. அந்தப் பிரிவின் விளக்கத்தில் ஐந்து வகைகள் உள்ளன. நமக்கு வேண்டியது நான்காவது: எந்த நோக்கத்துக்காக மின்சாரம் அங்கீகரிக்கப்பட்டதோ அதைவிட்டு வேறு நோக்கத்துக்குப் பயன்படுத்துவது.

இங்கே "அங்கீகரிக்கப்பட்டதோ" என்ற சொல்லைப் பிடித்துக்கொள்ளுங்கள். நீங்கள் இணைப்பு கேட்டபோது விண்ணப்பத்தில் என்ன எழுதினீர்கள்? இணைப்பு தரும் முன் வந்து பார்த்த பொறியாளர் என்ன பார்த்தார்? நீங்கள் செய்கிற வேலையை அப்படியே சொல்லி, அவர்களும் வந்து பார்த்து, 3-பி என்று அவர்களே வகைப்படுத்தி, பிறகு ஆடிட்காரர் கருத்து மாறியதால் 5 என்றால், அதில் உங்கள் அங்கீகாரமற்ற பயன்பாடு எதுவும் இல்லை. அன்று எந்த வேலைக்கு அங்கீகாரம் கிடைத்ததோ அதே வேலைதான் இன்றும் நடக்கிறது. வாரியம் வைத்த பெயர் மட்டும் மாறியிருக்கிறது. அதற்கு 126-இன் இரண்டு மடங்கு பொருந்தாது. மாறாக, தையல் கம்பெனி என்று வாங்கிய இணைப்பில் யாருக்கும் சொல்லாமல் ஷோரூம் ஓட்டினால், அந்த அளவுக்கு நான்காம் வகை உங்களைத் தொடும். உங்கள் விஷயத்தில் இரண்டும் கலந்திருக்கின்றன. அயர்னிங், பேக்கிங் ஒரு பக்கம். ஷோரூம் இன்னொரு பக்கம். பதில் எழுதும்போது இரண்டையும் ஒரே பத்தியில் போட்டுக் குழப்பிவிடாதீர்கள்.

உங்கள் கடிதத்தில் பிரிவே குறிப்பிடவில்லை, "ஆடிட் ஷார்ட்ஃபால்" என்று மட்டும் இருக்கிறது, தொகையும் ஒற்றை வித்தியாசம்தான். அப்படியானால் அது 126 இல்லை. அது வாரியம் தன் பில்லிங்கில் பிழை நேர்ந்ததாகச் சொல்லிக் கேட்கும் கூடுதல் தொகை. தமிழ்நாடு மின் வழங்கல் விதித்தொகுப்பு 2004-இன் 12-ஆம் ஒழுங்குமுறையின் கீழ் வரும் விஷயம். உங்களுக்கு இது நல்லது. "எந்தப் பிரிவின் கீழ்?" என்று கேட்டு எழுதும்போது, ஆத்திரத்தில் "என்மீது திருட்டுப் பழி போடுகிறீர்களா" என்றெல்லாம் எழுதி, இல்லாத 126-ஐ நீங்களே கூப்பிட்டு உட்கார வைத்துவிடாதீர்கள்.

ஒருவேளை நாளைக்கு 126-இன் கீழ் தற்காலிக மதிப்பீட்டு ஆணை வந்தால் மூன்று விஷயங்களை நினைவில் வையுங்கள். அதைப் போட வேண்டியவர் மாநில அரசால் அறிவிக்கப்பட்ட மதிப்பீட்டு அலுவலர். பறக்கும் படையோ ஆடிட் பிரிவோ அறிக்கை தரலாம், மதிப்பீடு செய்ய முடியாது. ஆட்சேபம் சொல்ல உங்களுக்கு வாய்ப்புத் தந்து, தற்காலிக ஆணை உங்களிடம் சேர்ப்பிக்கப்பட்ட 30 நாளுக்குள் இறுதி ஆணை வர வேண்டும். அந்த ஆணையை எதிர்த்து 127-இன் கீழ் 30 நாளுக்குள் மேல்முறையீடு, பாதித் தொகையைக் கட்டிய பிறகு. இதில் ஒரு குழி இருக்கிறது: தற்காலிக ஆணையை ஒப்புக்கொண்டு ஏழு நாளுக்குள் பணம் கட்டும் வழியும் சட்டத்தில் உண்டு. சம்மதத்தின்பேரில் போட்ட இறுதி ஆணைக்கு மேல்முறையீடு கிடையாது. "கட்டிட்டு அப்புறம் பேசிக்கலாம்" என்று செக்ஷன் ஆபீசில் யாராவது நல்லெண்ணத்தோடு சொன்னால்கூட, "ஒப்புக்கொள்கிறேன்" என்ற வாசகத்துக்குக் கீழே கையெழுத்துப் போடாதீர்கள்.

இனி வகைப்பாட்டுக்கு வருகிறேன். எந்த அடிப்படையில் ஒரு நுகர்வோரை இன்னொருவரிடமிருந்து பிரிக்கலாம் என்பதை 62-ஆம் பிரிவின் மூன்றாம் உட்பிரிவு சொல்கிறது. லோடு ஃபேக்டர், பவர் ஃபேக்டர், மின்னழுத்தம், மொத்த நுகர்வு, பயன்படுத்தும் நேரம், இடத்தின் புவியியல் நிலை, வழங்கலின் தன்மை, எந்த நோக்கத்துக்கு மின்சாரம் தேவைப்படுகிறது என்பவை அவை. வியாபார நுகர்வோரின் சண்டை எல்லாமே கடைசியில் உள்ள அந்த "நோக்கம்" என்பதில்தான் நடக்கிறது. ஆனால் நோக்கம் என்பதை உங்கள் உணர்விலோ என் உணர்விலோ தேட முடியாது. கட்டண ஆணையின் அட்டவணையில் ஒவ்வொரு டாரிஃபுக்கும் கீழே யார் யாருக்குப் பொருந்தும் என்று எழுதியிருக்கிறது. அதுதான் சட்டம். ஓர் உதாரணம்: டாக்டரோ வக்கீலோ தன் வீட்டோடு ஒட்டி 200 சதுர அடிக்குள் ஆலோசனை அறை வைத்திருந்தால் அதற்கும் வீட்டு டாரிஃபே போதும் என்று எல்.டி. 1-ஏயில் வெளிப்படையாக இருக்கிறது. அது தெரியாமல் வணிகக் கட்டணம் கட்டிக்கொண்டிருப்பவர்கள் இருக்கிறார்கள். 201-ஆவது சதுர அடியில் அந்தச் சலுகை போய்விடும். வக்கீல் தொழில் வணிகமா, சேவையா என்று எவ்வளவு அழகாக வாதாடினாலும் அந்த எண் மாறாது.

எல்.டி. 5-இன் அமைப்பே சிக்கலானது. அதை "வணிகம்" என்று நாம் சொல்கிறோம். ஆனால் அட்டவணையில் அது வேறு எந்த டாரிஃபிலும் சேராத எல்லோருக்குமான இடம். அதாவது, நீங்கள் வணிகர் என்று வாரியம் நிரூபிக்க வேண்டியதில்லை. நீங்கள் மற்ற எதிலும் சேரவில்லை என்றாலே போதும், 5-இல் விழுந்துவிடுவீர்கள். தனியார் மருத்துவமனையும் நகைக்கடையும் ஒரே டாரிஃபில் இருப்பது இதனால்தான். எனக்கு இது அநியாயமாகவே படுகிறது. பெயர் சொல்லப்படாத ஒவ்வொரு புதுத் தொழிலும் மிக அதிக விலையில் இருந்து தொடங்கி, அங்கிருந்து போராடி வெளியே வர வேண்டியிருக்கிறது. ஆனால் இப்போதைய உங்கள் வழக்கில் இதைக் குறையாகச் சொல்லிப் பயனில்லை. "நாங்கள் வணிகம் இல்லை" என்று எழுதுவதை விட்டுவிட்டு, "நாங்கள் 3-பியில் சேருகிறோம், ஏனென்றால்..." என்று எழுத வேண்டும். உங்கள் வாதம் முழுவதும் அந்த "ஏனென்றால்" என்பதற்குப் பிறகு வருவதில்தான் இருக்கிறது.

ஆடிட்காரர் சொல்வது இதுவாக இருக்கும்: தையல் மெஷின் இல்லை, ஓவர்லாக் இல்லை, பிளாட்லாக் இல்லை, எதுவும் உற்பத்தியாகவில்லை, எனவே தொழிற்சாலை இல்லை. இதற்குப் பதில், பணம் கேட்கும் காலம் முழுவதும் நடப்பில் இருந்த 1948-ஆம் ஆண்டு தொழிற்சாலைகள் சட்டத்திலேயே இருக்கிறது (2025 நவம்பரில் அதன் இடத்துக்குப் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பு வந்துவிட்டது). அதன் 2-ஆம் பிரிவில் "உற்பத்திச் செயல்முறை" என்பதற்குத் தரப்பட்டிருக்கும் விளக்கம் மிக விரிவானது. ஒரு பொருளைச் செய்வது மட்டும் இல்லை, விற்பனைக்காக அதை மாற்றுவது, பழுது பார்ப்பது, அலங்கரிப்பது, ஃபினிஷிங் செய்வது, பேக்கிங் செய்வது, கழுவுவது, சுத்தம் செய்வது எல்லாம் அதில் அடக்கம். செக்கிங், அயர்னிங், பேக்கிங் என்கிற உங்கள் மூன்று வேலையும் ஃபினிஷிங் என்ற சொல்லுக்குள்ளும் பேக்கிங் என்ற சொல்லுக்குள்ளும் நேராக வந்து உட்காருகின்றன. உங்களிடம் தொழிற்சாலை உரிமம் இருந்தால், அதில் என்ன செயல்முறை எழுதியிருக்கிறது என்று பாருங்கள்.

ஆனால் இதை எந்த அளவுக்கு நம்பலாம் என்பதையும் சொல்லியாக வேண்டும். ஒரு சட்டத்தின் விளக்கம் இன்னொரு சட்டத்தின் கட்டண அட்டவணையைத் தானாகக் கட்டுப்படுத்தாது. தொழிற்சாலை உரிமம் தொழிலாளர் பாதுகாப்புக்காகக் கொடுப்பது. சிறு, நடுத்தர நிறுவனங்களுக்கான உத்யம் பதிவும் வேறு நோக்கத்துக்கானதே. சேவை நிறுவனங்களுக்கும் உத்யம் சான்று கிடைக்கிறது, அதைக் காட்டினால் மட்டும் 3-பி கிடைத்துவிடாது. இவை எல்லாம் சான்றுகள், அதற்குமேல் இல்லை. பலமான சான்று எது என்றால், உங்கள் ஜாப் ஒர்க் சீட்டுகள், துணி வெளியே போய்த் தைத்து உள்ளே வந்த டெலிவரி சலான்கள், ஏற்றுமதி அல்லது மொத்த விற்பனை இன்வாய்ஸ்கள், ஜி.எஸ்.டி. கணக்கு, ஸ்டீம் பாய்லரின் கிலோவாட் அளவு, மொத்த லோடில் அயர்னிங் டேபிள்களின் பங்கு. மின்சாரம் எதில் செலவாகிறது என்பதுதான் கேள்வி, ஆகவே லோடு பட்டியலைப் போல் பேசுவது வேறு எதுவும் இல்லை. உரிமம் பெற்ற எலெக்ட்ரிகல் காண்ட்ராக்டர் ஒருவரை வைத்து, எந்த அறையில் எத்தனை வாட் என்று ஒரு பட்டியலும் வரைபடமும் தயார் செய்து கையெழுத்து வாங்குங்கள். பாய்லரும் அயர்னிங்கும் 30 கிலோவாட், ஷோரூம் லைட்டும் ஏ.சி.யும் 3 கிலோவாட் என்று தாளில் இருந்தால், முழு இணைப்பையும் கடை என்று சொல்வது எவருக்கும் கடினம்.

ஷோரூமைப் பற்றி நான் உங்களுக்குச் சாதகமாக வளைத்துப் பேச மாட்டேன். சில்லறை விற்பனை எல்.டி. 5தான். சொந்தத் தயாரிப்பை மட்டும் விற்கிறோம் என்பதால் அது மாறாது. புது டெல்லியில் ஒரு வீட்டு இணைப்பில் கெஸ்ட் ஹவுஸ் நடத்தியதைப் பற்றிய வழக்கில் 2000-ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் அந்தப் பயன்பாட்டை வீட்டுப் பயன்பாடாக ஏற்கவில்லை, வணிகம் என்றது. அங்கேயும் கட்டடம் வீடுதான், உள்ளே நடந்ததுதான் வேறு. கட்டடத்தின் வாசலில் என்ன பலகை தொங்குகிறது என்பதைவிட உள்ளே மின்சாரம் என்ன வேலை செய்கிறது என்பதே கேட்கப்படும்.

ஆனால் உங்கள் கடிதத்தில் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது. ஷோரூம் திறந்தது 2024 ஜூனில். பணம் கேட்டிருப்பதோ 2022 அக்டோபரிலிருந்து. அதாவது ஷோரூம் இல்லாத இருபது மாதத்துக்கும் ஷோரூம் பேரில் பணம் கேட்கிறார்கள். மாதம் 18,000 வீதம் அந்த இருபது மாதத்துக்கு மட்டும் 3,60,000. ஷோரூம்தான் காரணம் என்றால் இந்தத் தொகை அப்படியே விழுந்துவிடும். அயர்னிங், பேக்கிங்கையே வணிகம் என்றுதான் ஆடிட் சொல்கிறது என்றால், அதை எழுத்தில் சொல்லட்டும். ஆகவே உங்கள் முதல் கடிதத்தில் ஆடிட் குறிப்பின் முழு நகலைக் கேளுங்கள். தராவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். ஷோரூம் திறந்த நாளைக் காட்ட முதல் சில்லறை பில், உள்ளாட்சி உரிமம், ஏ.சி. வாங்கிய ரசீது, தச்சு வேலைக்குக் கொடுத்த பணம் என்று எது இருந்தாலும் எடுத்து வையுங்கள்.

அடுத்தது, பழைய காலத்துக்குப் பணம் கேட்கலாமா என்பது. இதில்தான் இணையத்தில் மிக அதிகமாகத் தவறான தகவல் உலவுகிறது. "இரண்டு வருஷத்துக்கு மேல் கேட்க முடியாது, 56(2) இருக்கிறது" என்று பலரும் சொல்வார்கள். மின்சாரச் சட்டத்தின் 56-ஆம் பிரிவில் அப்படித்தான் இருக்கிறது: ஒரு தொகை முதன்முதலில் செலுத்தத்தக்கதான நாளிலிருந்து இரண்டு ஆண்டுக்குப் பிறகு வசூலிக்க முடியாது, தொடர்ந்து பாக்கியாகக் காட்டியிருந்தால் ஒழிய. ஆனால் "முதன்முதலில் செலுத்தத்தக்கதான நாள்" எது? அஜ்மீர் வித்யுத் விதரண் நிகம் வழக்கில் 2020 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொன்னது. அதுவும் டாரிஃப் தவறாகப் போட்ட வழக்குதான், அதுவும் ஆடிட்டில் கண்டுபிடித்ததுதான். 2009 ஜூலை முதல் 2011 செப்டம்பர் வரையிலான காலத்துக்கு 2014 மார்ச்சில் கூடுதல் பில். பில் கொடுக்கும்போதுதான் கடமை தோன்றுகிறது, உண்மையான பிழையாக இருந்தால் இரண்டு ஆண்டு கழிந்தும் கூடுதல் தொகையைக் கேட்கலாம், ஆனால் அதற்காக இணைப்பைத் துண்டிக்க முடியாது என்று நீதிமன்றம் கூறியது. பிறகு 2021 அக்டோபரில் ஹரியானாவைச் சேர்ந்த பிரேம் காட்டெக்ஸ் வழக்கு. மீட்டர் பெருக்கு எண் (மீட்டர் காட்டும் அளவைப் பெருக்க வேண்டிய எண்) 10-க்குப் பதில் 5 என்று போட்டு, மூன்று ஆண்டுபோலப் பாதித் தொகைக்கே பில் போயிருந்தது. அங்கேயும் மின் நிறுவனம் கேட்ட தொகை நின்றது.

ஆகவே 56(2)-ஐ மட்டும் நம்பி நிற்காதீர்கள். உங்களுக்கு அதைவிட நல்ல வாதம் வேறு இருக்கிறது. அந்த இரண்டு வழக்கிலும் நடந்தது பிழை. பெருக்கு எண்ணைத் தவறாகப் போட்டது, டாரிஃப் குறியீட்டைத் தவறாகப் போட்டது. உங்கள் விஷயத்தில் அப்படி இல்லை. பொறியாளர் வந்து பார்த்து, யோசித்து, 3-பி என்று முடிவு செய்தார். அதன் பிறகு மீட்டர் ரீடிங் எடுக்கவும் லோடு பார்க்கவும் வந்தவர்கள் எல்லாம் அதை ஏற்றுக்கொண்டார்கள். இப்போது வேறொருவர் வேறு மாதிரி நினைக்கிறார். இதைப் பிழை என்பதைவிடக் கருத்து மாற்றம் என்பதே சரி. மகாராஷ்டிர மின்சார ஒழுங்குமுறை ஆணையம் 2001-ஆம் ஆண்டின் 24-ஆம் எண் வழக்கில் 2003 பிப்ரவரி 11 அன்று போட்ட ஆணை இந்த வேறுபாட்டை மிகத் தெளிவாகச் சொல்கிறது. ஆடிட்டர் சுட்டிக்காட்டினாலும் சரி, திடீர் மறுவகைப்பாட்டை வைத்துப் பின்தேதியிட்டு வசூலிக்கக் கூடாது. முதல் வகைப்பாட்டைத் தகுதியானவர்கள் சிந்தித்தே செய்திருக்கிறார்கள், ஆகவே அது பில்லில் விடுபட்ட தொகை ஆகாது. வசூல் இனிமேலுக்கு மட்டும் என்பது அதன் சாரம். கேரளத்திலிருந்து வந்த வியானி என்டர்பிரைசஸ் மேல்முறையீட்டில், மின்சார மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமும் 2014 ஆகஸ்டில், வித்தியாசத் தொகையைத் தவறு கண்டுபிடிக்கப்பட்ட நாளிலிருந்துதான் வசூலிக்கலாம் என்றது. மகாராஷ்டிர ஆணை தமிழ்நாட்டைக் கட்டுப்படுத்தாது. தீர்ப்பாயத்தின் ஆணை 2020-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்புக்கு முந்தியது, எதிர்த்தரப்பு அதைச் சொல்லும். ஆனாலும் பிழைக்கும் கருத்து மாற்றத்துக்கும் உள்ள வேறுபாடு சட்டத்தில் உயிரோடுதான் இருக்கிறது. அதை நிரூபிக்கும் தாள்கள் உங்களிடமே உள்ளன: பழைய விண்ணப்பம், டெஸ்ட் ரிப்போர்ட், ஒப்பந்தம், மீட்டர் அட்டையில் உள்ள குறிப்புகள், முந்தைய ஆய்வு அறிக்கைகள்.

தையலை நிறுத்தியதை நீங்கள் அலுவலகத்துக்கு எழுதித் தெரிவித்தீர்களா என்பது கேள்வியில் இல்லை. தெரிவித்திருந்தால் அந்தக் கடிதத்தின் நகல் தங்கம். தெரிவிக்காவிட்டால் இந்த வாதத்தில் ஒரு பலவீனம் இருக்கிறது. அவர்கள் பார்த்து அங்கீகரித்தது தையலோடு கூடிய கம்பெனியை என்று சொல்வார்கள். அப்போது முழு எடையும் ஃபினிஷிங்கும் உற்பத்தியின் ஒரு கட்டமே என்ற வாதத்தின் மேல் விழும்.

இனி 15 நாள் கெடு. ஃபியூஸைப் பிடுங்கிவிடுவார்கள் என்ற பயத்தில்தான் பாதிப் பேர் வாதமே இல்லாமல் கட்டிவிடுகிறார்கள். 56-ஆம் பிரிவின் முதல் உட்பிரிவிலேயே இதற்கு ஒரு பாதுகாப்பு இருக்கிறது. கேட்ட தொகை, அல்லது முந்தைய ஆறு மாதம் கட்டிய சராசரிக் கட்டணத்தின்படி மாதந்தோறும் கணக்கிட்ட தொகை, இந்த இரண்டில் எது குறைவோ அதை ஆட்சேபத்துடன் செலுத்தினால், தகராறு தீரும் வரை துண்டிக்கக் கூடாது. இந்த விதிவிலக்கை மேற்கோள் காட்டி ஒரு கடிதம் எழுதி, "ஆட்சேபத்துடன் செலுத்தப்படுகிறது" என்ற வாசகத்தோடு பணத்தைக் கட்டி, இரண்டுக்கும் ஒப்புகை வாங்குங்கள். நேரில் ஒப்புகை தராவிட்டால் பதிவுத் தபால். அன்றாட பில்களை ஒரு நாள்கூடத் தாமதிக்காமல் கட்டி வாருங்கள். தகராறு இல்லாத தொகையை நிறுத்தி வைத்தால் துண்டிக்க அவர்களுக்கு நியாயமான காரணம் கிடைத்துவிடும்.

முறையிட வேண்டிய இடம் உங்கள் மின் பகிர்மான வட்டத்தின் மின் நுகர்வோர் குறைதீர் மன்றம்; இது நுகர்வோர் நீதிமன்றம் இல்லை. மின்சாரச் சட்டத்தின் 42-ஆம் பிரிவின் ஐந்தாம் உட்பிரிவு அமைத்தது. வக்கீல் தேவையில்லை. அந்த வட்டத்தின் மேற்பார்வைப் பொறியாளரே பொதுவாக அதன் தலைவர், எனவே ஆடிட் பிரிவின் கருத்தை எதிர்த்து அங்கே ஆணை வாங்குவது எளிதில்லை. ஆனாலும் அந்தப் படியைத் தாண்டாமல் அதற்கு மேலே உள்ள மின் குறைதீர்ப்பாளரிடம் (ஆம்பட்ஸ்மேன்) போக முடியாது. உண்மையான விசாரணை என் அனுபவத்தில் அங்கேதான் நடக்கிறது. அவருடைய ஆணைகள் ஒழுங்குமுறை ஆணையத்தின் இணையதளத்தில் கிடைக்கின்றன. 3-பியிலிருந்து 5-க்கு மாற்றிய வழக்குகளைத் தேடி நான்கைந்தைப் படித்துவிட்டு உங்கள் மனுவை எழுதுங்கள். எந்தச் சான்றைக் கேட்கிறார், எந்த வாதத்தைத் தள்ளுகிறார் என்பது எந்த வக்கீல் சொல்வதைவிடத் தெளிவாகப் புரியும். ஒன்றை மறக்க வேண்டாம்: 126, 135 பிரிவுகளில் வரும் விஷயங்கள் இந்த மன்றத்துக்கு வராது. கடிதம் எந்தப் பிரிவு என்று முதலில் பார்க்கச் சொன்னதற்கு இதுவும் ஒரு காரணம்.

ஒழுங்குமுறை ஆணையத்திடமே நேரடியாகப் போகலாமே என்று சிலர் நினைப்பார்கள். தனி நுகர்வோரின் பில் தகராறை ஆணையம் விசாரிக்க முடியாது, குறைதீர் மன்றம்தான் இடம் என்று ரிலையன்ஸ் எனர்ஜி வழக்கில் 2007-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நுகர்வோர் நீதிமன்றத்தை ஏன் வேண்டாம் என்றேன் என்றால், உத்தரப் பிரதேச பவர் கார்ப்பரேஷன் வழக்கில் 2013 ஜூலையில், வணிக நோக்கத்துக்கு மின்சாரம் பெறுபவர் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின்படி நுகர்வோர் ஆக மாட்டார் என்றும், 126-இன் கீழான மதிப்பீட்டை எதிர்த்து அங்கே புகாரே செல்லாது என்றும் தீர்ப்பு வந்துவிட்டது. ஓராண்டு அங்கே அலைந்துவிட்டு அதிகாரமில்லை என்று திரும்பி வந்தால், இங்கே உள்ள காலக்கெடுவும் போயிருக்கும். ஹைகோர்ட்டைப் பொறுத்தவரை, மாற்று வழி இருக்கிறது, அங்கே போ என்பதே வழக்கமான பதில். ஆட்சேபம் கேட்காமலே ஆணை போட்டிருந்தாலோ, அதிகாரமில்லாதவர் போட்டிருந்தாலோ, ஆட்சேபத்துடன் கட்டிய பிறகும் துண்டித்தாலோ நிலைமை வேறு. அப்போது ரிட் மனுவுக்கு இடமுண்டு.

உங்களைப் போன்றவர்களுக்கு நேரெதிரான நிலையில் இருப்பவர்களும் இதைப் படிக்கக்கூடும். கட்டடம் காலியாக இருந்தபோது எல்.டி. 5-இல் இணைப்பு வாங்கி, பிறகு உள்ளே மெஷின் போட்டு, ஆண்டுக்கணக்கில் அதிகக் கட்டணமே கட்டிக்கொண்டிருக்கும் சிறு பட்டறைகள் நிறைய. நீங்கள் கேட்காமல் யாரும் மாற்றித் தர மாட்டார்கள். இன்றே டாரிஃப் மாற்ற விண்ணப்பம் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். பெரும்பாலும் அந்தத் தேதியிலிருந்துதான் பலன் கணக்கிடப்படும். ஏற்கெனவே விண்ணப்பித்தும் மாற்றாமல் இழுத்திருந்தால் அதிகம் கட்டிய தொகை வட்டியோடு திரும்ப வர வேண்டும், அதே 12-ஆம் ஒழுங்குமுறையின் இரண்டாம் பகுதி அதைச் சொல்கிறது.

டாரிஃப் அட்டவணையே அநியாயம் என்பவர்களுக்கு வழி தனி. அது செக்ஷன் ஆபீசோடு போடும் சண்டை இல்லை. கட்டண மனுவின் மீது ஆணையம் நடத்தும் பொது விசாரணையில் சங்கத்தின் பேரில் எழுத்து மூலம் ஆட்சேபம் கொடுக்க வேண்டும், ஆணை வந்தபின் 111-ஆம் பிரிவின் கீழ் 45 நாளுக்குள் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் போக வேண்டும். மகாராஷ்டிரத்தில் மருத்துவமனைகள் சங்கம் இப்படித்தான் போனது. கடைகளோடும் மால்களோடும் மருத்துவமனையை ஒரே வகையில் போட்டதைத் தீர்ப்பாயம் 2011-இல் ஏற்கவில்லை, அடுத்த ஆண்டு அங்கே பொதுச் சேவை என்று ஒரு தனி வகையே உருவானது. பனியன் ஃபினிஷிங் அலகுகளுக்கு அட்டவணையில் பெயர் சொல்லி ஒரு வரி சேர்க்க வேண்டும் என்று திருப்பூர்ச் சங்கங்கள் அடுத்த விசாரணையில் கேட்டால், உங்களைப் போன்ற பலருடைய வழக்குக்கே தேவை இருக்காது. உங்கள் சங்கத்தில் இதைப் பேசுங்கள் என்று வற்புறுத்தியே சொல்கிறேன்.

கடைசியாக, அந்த ஷோரூம். மனு கொடுக்கும் முன்பே அதற்குத் தனி இணைப்பு கேட்டு எல்.டி. 5-இல் விண்ணப்பித்துவிடுங்கள். முன்னறைக்கும் கம்பெனிக்கும் நடுவே நிலையான சுவர், தனி வயரிங், தனி வாசல் இருக்க வேண்டும், பிரித்ததைப் படம் எடுத்து வையுங்கள். புது இணைப்பு வரும் வரை அந்த அறையின் மெயினை நிறுத்தி வைத்துவிடுவது நல்லது. விற்பனை சில வாரம் நின்றால் நிற்கட்டும். விசாரணை நாளில் மன்றம் கேட்கும் முதல் கேள்வி, "இப்போது அந்த ஷோரூம் எந்த மீட்டரில் ஓடுகிறது?" என்பதாகத்தான் இருக்கும்.